மாலை போட்ட படத்தில் என் மகள்

பிற்பகல் மூன்று மணி பதினேழு நிமிடத்துக்குக் கைப்பேசி அடித்தது. நேரம் எனக்குத் துல்லியமாகத் தெரியும். அந்த அழைப்பு கைப்பேசியில் இன்னும் பதிவாக இருக்கிறது, நான் அழிக்கவில்லை. அழைத்தவர் பாரிட் புந்தாரில் இருக்கும் என் நாத்தனார் பாக்கியம். "சொல்லுங்கக்கா" என்றேன். அந்தப் பக்கம் மூச்சு வாங்கியபடியே கேட்டார்:

"எத்தன மணிக்கு எடுக்குறீங்க இந்திரா?"

"எதக்கா?"

"பிள்ளயத்தான்... நாங்க கெளம்பிட்டோம். மாமாவுக்குக் கை நடுங்குது, வண்டி ஓட்ட முடியல. பக்கத்து வீட்டுக்காரரு ஓட்டுறாரு. நாங்க வாரதுக்குள்ள எடுத்துறாதீங்கம்மா."

எனக்கு ஒரே பிள்ளை, லோஷினி. அப்போது அவளுக்குப் பத்தொன்பது வயது. தெலுக் இந்தானில் விடுதியில் தங்கிப் படித்துக்கொண்டிருந்தாள்.

நம் மலேசியத் தொலைக்காட்சிக்கு நாடகம் எழுத வந்திருக்கும் உங்களுக்காக ஒரு மலர் போடுகிறார்களாம். இருபத்திரண்டு ஆண்டுகள் இந்த வேலை பார்த்துவிட்டு நின்றுவிட்டவள் என்பதால் என்னிடமும் கேட்டார்கள். "உற்சாகமூட்டுற மாதிரி எழுதுங்க அக்கா" என்றார் கேட்டவர். என்னிடம் அந்தச் சரக்கு இல்லை. காட்சி பிரிப்பதையும், விளம்பர இடைவேளைக்கு முன்னால் எதில் நிறுத்துவது என்பதையும் உங்களுக்கு வேறு யாராவது சொல்லித் தருவார்கள். நான் அந்த ஒரு பிற்பகலைச் சொல்கிறேன். கோபமாகத்தான் சொல்வேன். அது இன்னும் ஆறவில்லை. ஆறவும் வேண்டாம்.

பாக்கியம் அக்காவின் அழைப்பைத் துண்டித்துவிட்டு வாட்ஸப்பைத் திறந்தேன். என் அப்பா சிலிம் ரிவர் பக்கம் ஒரு ரப்பர் தோட்டத்தில் தண்டலாக இருந்தவர். ஆட்களை வேலைக்கு அனுப்பி மேற்பார்த்தவர். தோட்டம் விற்கப்பட்டு, மரங்கள் வெட்டப்பட்டு, ஆட்கள் ஈப்போ, கிள்ளான், ஜொகூர் என்று சிதறிப்போனார்கள். சிதறியவர்களுக்கு ஒரு வாட்ஸப் குழு இருக்கிறது. அதில் கல்யாணச் செய்தி வந்தால் பத்துப் பேர் பார்ப்பார்கள். சாவுச் செய்தி வந்தால் எல்லாரும் பார்ப்பார்கள், எல்லாரும் கிளம்புவார்கள். நல்லதுக்குச் சொன்னால் போ, கெட்டதுக்குக் கேள்விப்பட்டாலே போ என்பதுதான் தோட்டத்து வழக்கம். லயத்து வரிசை வீடுகளில் இருந்த காலத்தில் எந்த வீட்டில் அழுகுரல் கேட்டாலும் அடுப்பை அணைத்துவிட்டு ஓடினார்கள். யார், எப்படி என்று வழியில்தான் கேட்டுக்கொண்டார்கள்.

அன்று தொடரின் ஒன்பதாவது பகுதியை எழுதிக்கொண்டிருந்தேன். எழுதும்போது அந்தக் குழுவின் மணியை அணைத்து வைப்பது என் பழக்கம். ஆகவே மூன்று மணி நேரமாக அதில் என்ன நடந்தது என்பது எனக்குத் தெரியாது.

திறந்ததும் என் மகளின் முகம்தான் தெரிந்தது. பள்ளிப் பரிசளிப்பு நாளில் நான் எடுத்த படம். நீலச் சீருடை, இரட்டைப் பின்னல், பல் தெரியச் சிரிப்பு. படத்துக்குச் சந்தனமாலை. முன்னால் குத்துவிளக்கு. கீழே ஒருவர் எழுதியிருந்தார்: "இது யார் பிள்ளைன்னு தெரியுதா?" அடுத்தவர்: "நம்ம தண்டல் பேத்தி மாதிரி இருக்கே." அடுத்தவர்: "ஐயோ ஆமாலா, ஈப்போ இந்திரா மக." அதன்பிறகு வரிசையாகக் கும்பிட்ட கைகள், ஆழ்ந்த அனுதாபங்கள். யாரோ ஒரு புண்ணியவான் ஈப்போ புந்தோங்கில் இருக்கும் எங்கள் வீட்டு முகவரியையும் போட்டிருந்தார். முதல் கேள்வியிலிருந்து முகவரி வரைக்கும் பதினோரு நிமிடம். நான் ஒரு வதந்தியை நாடகத்தில் பரப்ப மூன்று பகுதிகள் எடுத்துக்கொள்வேன்.

படம் எங்கிருந்து வந்தது என்று எனக்கு உடனே தெரிந்தது. என் நாடகத்திலிருந்துதான் வந்தது. அந்த மாலையைப் போட்டவள் நான்.

நடந்தது இதுதான். புதிய தொடருக்கான கதைப் பேச்சில் கதாநாயகனுக்கு ஏதோ குறைகிறது என்றார்கள். ஓய்வுபெற்ற லாரி ஓட்டுநர், தனிமனிதர், குடிக்கிறார்; ஏன் குடிக்கிறார்? "பெருசா ஒரு சோகம் வேணும் அக்கா, ஆனா அதுக்குத் தனியா சீன் எடுக்க முடியாது" என்றார் தயாரிப்பாளர். "ஒரு மக செத்துப்போயிருக்கட்டும். சுவத்துல படம் இருந்தா போதும்" என்றேன். எல்லாரும் தலையாட்டினார்கள். கையிலிருந்த தே தாரே, அந்த ஆற்றிய பால் தேநீர், இன்னும் சுட்டுக்கொண்டிருந்தது. அவ்வளவு சீக்கிரம் முடிந்தது. வசனப் பிரதியில் 'மறைந்த மகள் (படம்)' என்று எழுதினேன். அவளுக்கு ஒரு பெயர்கூட வைக்கவில்லை.

நம் நாடகங்களில் இப்படி எத்தனை பெண்பிள்ளைகளைச் சுவரில் தொங்கவிட்டிருக்கிறோம் என்று பிறகு ஒருநாள் எண்ணத் தொடங்கினேன். என்னுடையவற்றை மட்டும்தான் எண்ணினேன். பாதியில் நிறுத்திக்கொண்டேன். அப்பன் குடிக்க ஒரு மகள், அண்ணன் அரிவாள் எடுக்க ஒரு தங்கை, வில்லன் கெட்டவன் என்று காட்ட ஒரு வேலைக்காரப் பெண். ஆண் அழவேண்டுமென்றால் ஒரு பெண் சாகவேண்டும். இதற்கு எனக்கு இரண்டு முறை விருது கொடுத்திருக்கிறார்கள்.

படப்பிடிப்பு அப்பாவின் பழைய தோட்டத்தில். பத்து வரிசை லயத்தில் ஒரு வரிசைதான் மிச்சம், சுற்றிலும் எண்ணெய்க்கு வளர்க்கும் செம்பனை. பிற்பகல் மழைக்கு மேற்கே வானம் கறுத்துக்கொண்டு வந்தது. சுவரில் மாட்டப் படம் வேண்டும். கலை வேலை பார்த்தவர் முரளி; என்னுடன் பதினைந்து ஆண்டு வேலை செய்தவர், அலட்டிக்கொள்ளாத மனிதர். அவர் வழக்கமாக இரண்டு மூன்று முகங்களைக் கணினியில் கலந்து உலகத்தில் இல்லாத ஒரு முகத்தை உண்டாக்கிக் கொண்டுவருவார். அன்று கொண்டுவந்த படத்தைப் பார்த்ததும் எனக்குத் தூக்கிவாரிப்போட்டது. அதில் முக்கால்வாசி சென்னை நகைக்கடை விளம்பரப் பெண் இருந்தாள். தொலைக்காட்சி நிலையத்தில் திருப்பி அனுப்பிவிடுவார்கள் என்றேன். இயக்குநர் வானத்தைப் பார்த்தார், என்னைப் பார்த்தார். நான் என் கைப்பேசியைத் திறந்து லோஷினியின் படத்தை முரளிக்கு அனுப்பினேன்.

முரளி பார்த்துவிட்டு என்னைத் தனியே கூப்பிட்டார்.

"அக்கா, இது பாப்பா படம்லா."

"ஆமா. டவுன்ல பிரிண்ட் போட்டுட்டு வந்துருங்க. பின்னாடி மங்கலாத்தானே தெரியப் போவுது."

"உசுரோட இருக்குற பிள்ளைக்கு மால போடச் சொல்றீங்க. வேணாம்கா. எங்க அப்பா படம் இருக்கு, அவரு போய்ச் சேந்துட்டாரு. கதைய மாத்துங்க, மகளுக்குப் பதிலா அப்பான்னு வச்சிக்குவோம்."

"அப்பா செத்ததுக்கு எவன் முரளி இருபது வருஷம் குடிப்பான்?"

அவர் சிரிக்கவில்லை. "பாப்பாகிட்டயாச்சும் கேளுங்க" என்றார்.

"நாடகம்தானே முரளி. நீங்களுமா!"

நம் படப்பிடிப்பில் ஒரு வழக்கம் உண்டு, நீங்களும் பார்ப்பீர்கள். பிணமாக நடித்தவர் எழுந்ததும் கேமராவைப் பார்த்து ஒருமுறை சிரிக்கவேண்டும். அந்தச் சிரிப்பையும் பதிவு செய்த பிறகுதான் அடுத்த காட்சி. படித்தவர்கள் என்று நினைத்துக்கொள்ளும் நாங்கள் அதைக் கிண்டல் செய்வோம். ஆனால் ஒரு நாளும் அதைத் தவறவிட்டதில்லை. சகுனம் என்று நான் இதைச் சொல்லவில்லை. எனக்கு அதில் இப்போதும் நம்பிக்கை இல்லை. அந்தச் சிரிப்பின் பொருள் வேறு. ஓர் ஆளைச் சாகவைத்தோம், அந்த ஆள் உயிரோடு இருக்கிறாரா என்று ஒரு நொடி திரும்பிப் பார்த்துவிட்டுப் போகிறோம், அவ்வளவுதான். சுவரில் மாட்டிய படத்தை யாரும் திரும்பிப் பார்க்கவில்லை. மழை வருவதற்குள் எடுத்து முடித்தோம். லோஷினியிடம் நான் கேட்கவில்லை. கேட்டால் வேண்டாம் என்பாள் என்று தெரிந்துதான் கேட்கவில்லை.

பின்னால் மங்கலாகத் தெரியும் என்று எழுதியது நான். படத்தொகுப்பு அறைக்கு எழுத்தாளரை யாரும் அழைப்பதில்லை. அங்கே யாருக்கோ அந்தச் சிரிப்பு பிடித்துவிட்டது. திரை நிறைய வைத்தார்கள். நாடகத்தின் முதல் பகுதி ஒளிபரப்பாகும் நாளன்று காலையில், நிலையத்தின் முகநூலில் முன்னோட்டம் போட்டார்கள். இருபது விநாடி. என் மகளின் முகம், மாலை, விளக்கு, பின்னணியில் ஓர் ஆண் கதறும் குரல். நாடகத்தின் பெயர் கடைசி விநாடியில்தான் வரும். அந்தக் கடைசி விநாடி வருவதற்கு முன்னால் யாரோ நிறுத்திப் படம் பிடித்து அனுப்பிவிட்டார்கள்.

இனி நான் சொல்லப்போவதற்காகத்தான் இவ்வளவையும் எழுதுகிறேன். கவனமாகப் படியுங்கள்.

இவை எல்லாம் விளங்கியதும் நான் என்ன செய்தேன் தெரியுமா? முரளியை அழைத்துக் கத்தினேன். "யாரு குளோஸ்அப் வச்சது? யாரக் கேட்டு வச்சாங்க?" அவர் ஒரே ஒரு கேள்வி கேட்டார்: "பாப்பா எங்கக்கா இருக்கு?" "ஹாஸ்டல்ல" என்று சொல்லிவிட்டு வைத்தேன். பிறகு நிலையத்துக்கு அழைத்து, ஒருவர் மாற்றி ஒருவராக மூன்று பேரிடம் சண்டை போட்டேன். பிறகு உட்கார்ந்து குழுவுக்கு மறுப்பு எழுதினேன். முதலில் எழுதியது நீளமாக இருந்தது, சுருக்கினேன். இரண்டாவதில் கோபம் அதிகம் என்று தோன்றியது, தணித்தேன். மூன்றாவதில் ஒரு சொல்லை எடுத்துவிட்டு வேறு சொல் போட்டேன்.

அதை அனுப்பியபோது மணி மூன்று நாற்பத்தொன்று. இருபத்துநான்கு நிமிடம். அந்த நேரம் முழுவதும் ஒரு கதை கையை மீறிப் போய்விட்டது, அதைத் திருத்தவேண்டும் என்றுதான் என் புத்தி ஓடியது. தன் சாவுச் செய்தியைப் பார்த்திருக்கக்கூடிய ஒரு பிள்ளை அறுபது மைலுக்கு அப்பால் தனியாக இருக்கிறாள் என்று தோன்றவில்லை. முரளிக்குத் தோன்றியது எனக்குத் தோன்றவில்லை. நெருக்கடி வந்தால் நம் தொழில் நம்மை எங்கே இழுத்துக்கொண்டு போகும் என்பதைத் தெரிந்துகொள்ளுங்கள். என்னை வாக்கியத்துக்கு இழுத்துக்கொண்டு போனது.

மூன்று நாற்பத்திரண்டுக்கு லோஷினியை அழைத்தேன். அணைக்கப்பட்டிருந்தது. மறுபடியும் அழைத்தேன். அவளுடைய அறைத்தோழியின் எண் என்னிடம் இல்லை; பெயர்கூடச் சரியாகத் தெரியவில்லை. என் கதாபாத்திரங்களின் சித்தப்பா மகன் பெயர்வரை எனக்குத் தெரியும். விடுதி அலுவலகத்தைப் பிடித்தேன். அங்கிருந்த பெண் மலாயில் பேசினார். பதிவேட்டைப் பார்த்துவிட்டு, "ஒரு மணிக்கே கையெழுத்துப் போட்டு வெளியே போய்விட்டாளே அம்மா. எங்கே என்ற இடத்தில் ஒன்றும் எழுதவில்லை" என்றார். கொஞ்சம் தயங்கி, "பிள்ளைகள் ஏதேதோ பேசிக்கொண்டார்கள். அழுதுகொண்டே போனாளாம்" என்றார்.

தெலுக் இந்தானில் ஆறு இருக்கிறது. பெரிய ஆறு. அதற்குமேல் நான் எதையும் நினைக்கவில்லை என்று சொன்னால் அது பொய்.

என் கணவர் லாரிப் பட்டறையில் இருந்து வந்து, சட்டையைக்கூட மாற்றாமல் காரை எடுத்தார். "நீ வீட்டுலயே இரு. ஒருவேள வந்தான்னா ஆள் வேணும்" என்றார். அவருக்கு என்மேல் கோபம் இருந்ததா என்று அந்த முகத்தில் எனக்குத் தெரியவில்லை. கார் திரும்பும்போது எதிரே ஒரு லாரி உள்ளே நுழைந்தது. தோட்டத்து ஆட்களுக்கு எல்லாக் காரியத்தையும் முன்னின்று செய்யும் கோபால் அண்ணன் கூடாரத்துக்குச் சொல்லிவிட்டிருந்தார். இரண்டு பேர் இறங்கிக் கம்பிகளை எங்கள் வாசலில் அடுக்கத் தொடங்கினார்கள்.

"வேணாம், எடுத்துட்டுப் போங்க. இங்க யாரும் சாகல" என்றேன்.

"அக்கா, மழ வரப்போவுது. கூடாரம் இல்லாம சனங்க எங்கலா நிக்கும்?" என்றார் ஒருவர், மிகவும் பணிவாக.

நாலரை மணிக்குள் வீடு நிறைந்துவிட்டது. நான் எழுதிய மறுப்பை அத்தனை பேரும் படித்திருந்தார்கள், ஒருவரும் நம்பவில்லை. "பெத்தவ மனசு ஏத்துக்குமா?" என்று ஒரு பெண் இன்னொருத்தியிடம் சொல்வது காதில் விழுந்தது. "கத எழுதுற பொண்ணு. அதான் இதையும் கதன்னு சொல்லுது, பாவம்." நான் அழவில்லையென்றால் அதிர்ச்சி என்றார்கள். அவள் கைப்பேசியை எடுக்கவில்லை என்று அழுதேன்; அழுகிறாளே, அப்போது உண்மைதான் என்றார்கள். கம்பார் பக்கமிருந்து வந்த ஒரு வயதான அம்மா என் மகள் பெயரைச் சொல்லி ஒப்பாரி தொடங்கினார். வாயை மூடுங்க என்று கத்தினேன். அவர் என்னைக் கட்டிப்பிடித்துக்கொண்டு இன்னும் சத்தமாக அழுதார்.

சாவுக்கான காரணங்களும் அவர்களோடு வந்து சேர்ந்தன. வாசலில் ஒருவர் காதல் என்றார். சமையலறையில் பரீட்சை என்றார்கள். சீமெந்துத் தரையில் உட்கார்ந்திருந்த ஆண்கள், எந்தச் சாலையில் எந்த லாரி என்பதுவரை பேசிக்கொண்டிருந்தார்கள். பேசியதோடு நிற்கவில்லை; அவரவர் குழுவில் அதை எழுதவும் எழுதினார்கள்.

அவர்கள்மேல் எனக்கு வந்த கோபம் சொல்லி முடியாது. ஆனால் ஒன்றை மறைக்க மாட்டேன். கம்பாரில் இருந்தும் சிலிம் ரிவரில் இருந்தும் வேலையைப் போட்டுவிட்டு வந்திருந்தார்கள். அவர்களுக்குத் தெரிந்த நல்ல காரியத்தைத்தான் செய்தார்கள். அவர்கள் கையில் தப்பான செய்தியைக் கொடுத்தது நாங்கள்.

வாசலுக்கு வந்தபோது பக்கத்து வீட்டுச் சீன ஆன்டி தன் கேட்டில் சிவப்புத் தாள் ஒட்டிக்கொண்டிருந்தார். பக்கத்தில் சாவு விழுந்தால் அவர்கள் வீட்டுக்குள் அது வராமலிருக்க ஒட்டுவது. லோஷினி கைக்குழந்தையாக இருந்தபோது அவளுக்குக் கஞ்சி ஊட்டியவர். நான் ஓடிப்போய் அந்தத் தாளைக் கிழித்தேன். அவர் கோபப்படவில்லை. பசைக் கையோடு என் தோளைப் பிடித்துக்கொண்டு மலாயில் கேட்டார்: "அப்படியானால் பிள்ளை எங்கே?"

கிழித்த தாள் கையில் இருந்தது. அதை என்ன செய்வது என்று தெரியவில்லை.

அப்போதுதான் தயாரிப்பாளர் அழைத்தார். அவர் பெயர் இங்கே வேண்டாம். இந்த வேலையில் இருந்தால் அவரைப் போல ஒருவரை நீங்களும் சந்திப்பீர்கள்.

"அக்கா, பாத்தீங்களா? புரோமோ பத்தி எரியுது! இதுவரைக்கும் நம்ம தொடர் எதுக்கும் இப்படி ஆனதில்ல."

"அதுல இருக்குறது என் பிள்ள."

"தெரியும்கா. அதப் பத்திப் பேசத்தான் கூப்புட்டேன். நீங்க ஏதோ மறுப்பு போட்டிருக்கீங்கன்னு சொன்னாங்க. அத எடுத்துருங்க. எட்டரைக்கு மொத எபிசோட் போயிரும்லா. சனங்க பாத்துட்டு, அட நாடகமான்னு அவங்களே தெரிஞ்சிக்குவாங்க. ஒரு டுவிஸ்ட் மாதிரி இருக்கும். நாலு மணி நேரம்தான், சபார் பண்ணுங்க."

"என் பிள்ளையக் காணோம்."

"காணோம்னா?"

"காணோம்னா காணோம். ஒரு மணியிலேருந்து காணோம்."

"வந்துரும்கா. இந்தக் காலத்துப் பிள்ளைங்க, கூட்டாளிங்களோட எங்கயாச்சும் மால்ல இருக்கும்" என்றார்.

நான் எழுதிய வில்லன்களுக்கு நல்ல நல்ல வசனங்கள் கொடுத்திருக்கிறேன். இப்படி ஒன்றை யாருக்கும் கொடுத்ததில்லை. கெட்டவன் பல்லைக் கடிப்பான், மேசையில் குத்துவான் என்றுதான் எழுதிவந்தேன். நிஜத்தில் அவன் அன்பாகப் பேசுகிறான், அக்கா என்கிறான், பொறுத்துக்கொள்ளச் சொல்கிறான். நான் அவரிடம் சொன்ன பதிலை அச்சில் போட முடியாது. தோட்டத்து லயத்தில் தண்ணீர்க் குழாயடியில் கற்றுக்கொண்ட சொற்கள். இத்தனை ஆண்டு எழுத்தில் ஒருமுறையும் பயன்பட்டதில்லை, அன்று பயன்பட்டன. "துக்கம் முத்திப் போச்சு" என்று கோபால் அண்ணன் யாரிடமோ சொன்னார்.

அந்த மறுப்பை நான் எடுக்கவில்லை. அதற்கு மேல் ஒன்று செய்தேன். என் முகத்தைப் படமெடுத்து, திருத்தாமல், ஒத்திகை பார்க்காமல் பேசிக் குழுவுக்கு அனுப்பினேன்: "இது நாடகத்துப் படம். மால போட்டது நான். எம்மகளக் கேக்காமப் போட்டேன். அவ உயிரோட இருக்கா. அவளப் பாத்தவங்க எனக்குச் சொல்லுங்க." உயிரோடு இருக்கிறாள் என்று சொல்லும்போது குரல் உடைந்துவிட்டது. அது எனக்குத் தெரிந்த செய்தி இல்லையே. அந்தப் பேச்சைத்தான் முதல்முறையாகச் சிலர் நம்பினார்கள். என் இருபத்திரண்டு ஆண்டு எழுத்தில் இவற்றைவிட மோசமாக அமைந்த வாக்கியங்கள் இல்லை. ஆனால் இவற்றில் நான் யாரையும் அழவைக்கப் பார்க்கவில்லை.

ஐந்தே முக்காலுக்கு என் கணவர் அழைத்தார். விடுதி, நூலகம், பேருந்து நிலையம் எல்லாம் பார்த்துவிட்டார். ஆற்றோரம் நடந்துகொண்டிருப்பதாகச் சொன்னார். "ஏன் அங்க போனீங்க?" என்று கேட்டேன். இரண்டு பேரும் கைப்பேசியைக் காதிலிருந்து எடுக்கவில்லை. அதற்குள் வேறு யாரோ அனுதாபம் சொல்ல அழைத்து, அந்த மணி இடையில் அடித்துக்கொண்டே இருந்தது. இப்போதும் கைப்பேசி அடித்தால் என் கை முதலில் மேசையைத்தான் பிடித்துக்கொள்கிறது.

மழை வந்தது. கூடாரத்தைக் கடைசியில் கட்டியேவிட்டார்கள். அதன் கீழே எல்லாரும் ஒண்டிக்கொண்டு நின்றார்கள். பாரிட் புந்தாரில் இருந்து பாக்கியம் அக்கா வந்து சேர்ந்தார். கையில் மாலை. என்னைப் பார்த்ததும் அதை எங்கே வைப்பது என்று தெரியாமல் முதுகுக்குப் பின்னால் மறைத்துக்கொண்டார். நான் அவரிடம் உண்மையைச் சொன்னேன். முழுவதும் கேட்டார். பிறகு, "ஏன்டி, ஊருல வேற படமே கெடைக்கலயா ஒனக்கு?" என்று கேட்டு, என் கன்னத்தில் அறைந்தார். அன்று பிற்பகல் முழுவதும் எனக்குக் கிடைத்த நியாயமான பேச்சு அது ஒன்றுதான்.

ஆறு நாற்பதுக்கு ஒரு பழைய வேன் வந்து கூடாரத்துக்கு வெளியே நின்றது. ஓட்டிவந்தவர் முரளி. மூன்றரைக்கு நான் அவரிடம் கத்திவிட்டு வைத்ததும் அவர் நேராக ஈப்போ பேருந்து நிலையத்துக்குப் போயிருக்கிறார். தெலுக் இந்தானில் இருந்து வரும் ஒவ்வொரு பேருந்தின் வாசலிலும் நின்று, இறங்குகிறவர்களின் முகத்தைப் பார்த்திருக்கிறார்.

அவர் இறங்கி வந்து, என்னைப் பார்க்காமல் சொன்னார்: "நாலு மணி பஸ்ஸுல வந்துச்சுக்கா. புரோமோவப் பாத்துட்டுப் போன அணைச்சி வச்சி, அங்க பஸ் ஸ்டேஷன்லயே ஒக்காந்திருந்துச்சாம், பஸ்ஸுல ஏறுனப்புறம்தான் தொறந்துச்சாம். ஒங்களுக்கு அடிக்கச் சொன்னேன். மாட்டேன்னுருச்சு, என்னையும் அடிக்க விடல."

வேனின் மறுபக்கக் கதவு திறந்தது. கூட்டத்தில் யாரோ வீறிட்டார்கள். கம்பார் அம்மா கையெடுத்துக் கும்பிட்டார். கோபால் அண்ணன் தலையிலிருந்த துண்டை எடுத்து முகத்தை மூடிக்கொண்டார். பாக்கியம் அக்கா ஓடிப்போய்க் கட்டிக்கொண்டார். லோஷினி அவர் கையை மெதுவாக விலக்கிவிட்டு நடந்தாள். முகம் வீங்கியிருந்தது. கூடாரத்தை அண்ணாந்து பார்த்தாள், வரிசையாகப் போட்ட நாற்காலிகளைப் பார்த்தாள், தனக்காக வந்திருந்த அத்தனை பேரையும் பார்த்தாள். நான் அவளைத் தொடக் கையை நீட்டினேன். அவள் ஓரடி தள்ளி நின்றுகொண்டு கைப்பேசியை என் முகத்துக்கு நேரே பிடித்தாள்.

"ஒருத்தவங்க லவ்வுங்குறாங்க. ஒருத்தவங்க பரீட்சைங்குறாங்க. இவரு லாரிங்குறாரு. பஸ்ஸுல வாரப்ப எல்லாத்தையும் படிச்சேன். நீங்கதானேம்மா எழுதுனீங்க, ஒங்களுக்குத் தெரிஞ்சிருக்கும்லா? சொல்லுங்க. நான் எப்புடிச் செத்தேன்?"